ஆணுக்கு நடந்தால் ஏன் சிரிக்கிறோம்? திரையில் ஆண்கள் மீதான பாலியல் வன்கொடுமை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

புதுச்சேரி முத்தியால்பேட்டையில் ஒரு வீட்டு மொட்டைமாடியில் மாதம் ஒரு சனிக்கிழமை படம் போடுகிறோம். வாடகைப் புரொஜெக்டர், கொடிக்கயிற்றில் இழுத்துக் கட்டிய வெள்ளை வேட்டி, முப்பது முப்பத்தைந்து பேர். கொஞ்ச காலமாக ஒரே விஷயத்தைப் பேசிவருகிறோம்: ஆண்கள் மீதான பாலியல் வன்கொடுமையை சினிமாவும் டிவியும் எப்படிக் காட்டுகின்றன? கேட்டவர்கள் பெரும்பாலும் ஆண்கள். பாதிப் பேர் எல்லார் முன்னாலும் கேட்கவில்லை. படியிறங்கும்போது, வண்டியை ஸ்டார்ட் செய்துகொண்டே கேட்டார்கள். திரும்பத் திரும்ப வந்த கேள்விகள் இவை. படங்களின் முடிவையும் சொல்லித்தான் பேசியிருக்கிறேன், பார்க்காதவர்கள் மன்னிக்கவும்.

ஆம்பளைக்கு இதெல்லாம் நடக்குமா சார்?

நடக்கிறது. மத்திய அரசின் பெண்கள், குழந்தைகள் மேம்பாட்டு அமைச்சகம் 2007-இல் ஓர் ஆய்வறிக்கை வெளியிட்டது. அதில் கேட்கப்பட்ட குழந்தைகளில் 53.22 விழுக்காட்டினர் ஏதோ ஒருவகைப் பாலியல் கொடுமைக்கு ஆளானதாகச் சொன்னார்கள். அப்படிச் சொன்னவர்களில் 52.94 விழுக்காடு பையன்கள். பாதிக்கும் மேல். அந்தப் பையன்களெல்லாம் இன்று வேலைக்குப் போகிற ஆட்கள். நம்மோடு டீக்கடையில் நிற்கிறார்கள், நம்மோடு படமும் பார்க்கிறார்கள்.

தமிழ்ப் படத்தில் இந்த விஷயம் வருவதே இல்லையே? எதை விமர்சிக்கிறீர்கள்?

நானும் முதலில் அப்படித்தான் நினைத்தேன். அப்புறம் உட்கார்ந்து யோசித்தால் வந்துகொண்டே இருக்கிறது. காமெடி டிராக்கில் வருவதால் கணக்கில் சேர்க்கவில்லை, அவ்வளவுதான்.

காவல் நிலையக் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். லத்தியை எங்கே விடுவேன் தெரியுமா என்று ஏட்டு மிரட்டுவார். அடுத்த ஷாட்டில் நம்ம ஆள் காலை அகட்டிக்கொண்டு நொண்டி நடந்து வருவார். பின்னணியில் ஒரு பீப்பி சத்தம். தியேட்டர் வெடிக்கும். எத்தனை படங்களில் பார்த்திருப்போம்! நிஜத்தில் அதற்கு என்ன பெயர்? 2020 ஜூனில் சாத்தான்குளத்தில் ஒரு தந்தையும் மகனும் காவலில் அடிபட்டு இறந்தார்கள். ரத்தப்போக்கு நிற்காமல் லுங்கியை மாற்றி மாற்றிக் கட்ட வேண்டியிருந்தது என்று வேண்டியவர்கள் சொன்னது பத்திரிகைகளில் வந்தது. அந்த வாரம் தமிழ்நாடே கொதித்தது. ஆனால் அந்தக் காமெடி கிளிப்புகள் இன்றைக்கும் யூடியூபில் ஓடிக்கொண்டுதான் இருக்கின்றன. அந்தச் செய்தியையும் இந்தச் சிரிப்பையும் யாரும் பக்கத்தில் வைத்துப் பார்த்த மாதிரித் தெரியவில்லை.

இன்னொன்று விடுதி ராகிங். சீனியர்கள் ஜட்டியோடு நிற்கவைப்பது, ஆடச் சொல்வது. கல்லூரிப் படம் என்றால் முதல் அரைமணியில் இப்படி ஒன்று வரும், கடைசியில் அதே சீனியர் நண்பனாகிவிடுவான். நம் கடலூர் மாவட்டத்துக்காரர்களுக்கு இதில் சிரிப்பு வருவது கொஞ்சம் கஷ்டம். 1996-இல் சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் மருத்துவ மாணவர் நாவரசு கொல்லப்பட்டார். சீனியர் ஒருவர் ஆடையைக் களையச் சொன்னார், இவர் பணியவில்லை என்பதிலிருந்துதான் அரசுத் தரப்பு வழக்கே தொடங்குகிறது. மறுவருடமே தமிழ்நாட்டில் ராகிங் தடைச் சட்டம் வந்தது. துணியைக் கழற்றவைப்பது விளையாட்டு இல்லை என்று சட்டத்துக்கு 1997-லேயே புரிந்துவிட்டது.

மூன்றாவது, ஹீரோ மீது ஒரு பெண் வலியப் பாய்வதும், அவன் போர்வையை மார்பு வரை இழுத்துக்கொண்டு "என் கற்பு போச்சே" என்று அலறுவதும். இதில் சிரிப்பு எங்கிருந்து வருகிறது என்று பாருங்கள். ஆணுக்குப் பறிபோக ஒன்றுமில்லை என்று நாம் ஏற்கெனவே நம்பினால்தான் அந்த ஜோக் வேலை செய்யும்.

காமெடியைக் காமெடியாக எடுத்துக்கொண்டால் போதாதா?

கடலூரில் கல்லூரியில் படிக்கும்போது ஒரு மாட்டினி. மேலே சொன்ன லத்தி வகைக் காட்சி ஒன்று வந்தது. நான் முன் சீட்டைத் தட்டித் தட்டிச் சிரித்தேன். பக்கத்தில் என் அறைத்தோழன் பாப்கார்ன் பொட்டலத்தின் விளிம்பைச் சின்னச் சின்னதாகக் கிழித்து மடியில் போட்டுக்கொண்டிருந்தான். படம் முடிந்து எழுந்தபோது காலடியில் காகிதத் துகள் குவிந்து கிடந்தது. அதற்கு என்ன அர்த்தம் என்று எனக்கு இன்றுவரை தெரியாது, ஒன்றுமே இல்லாமலும் இருக்கலாம். ஆனால் அவனுக்கு என்னிடம் சொல்ல ஏதாவது இருந்திருந்தால், அந்த மாட்டினிக்குப் பிறகு சொல்லியிருக்க மாட்டான். என் பிரச்சினை இதுதான். காமெடி குற்றத்தைத் தூண்டுகிறது என்று நான் சொல்லவில்லை. யாரிடம் சொல்லக் கூடாது என்பதை அது காட்டிக் கொடுத்துவிடுகிறது.

இது தமிழுக்கு மட்டும் உள்ள நோயும் இல்லை. 2005-இல் வந்த 'வெட்டிங் கிராஷர்ஸ்' என்ற அமெரிக்கப் படத்தில் தூங்கும் ஆணைக் கட்டிலோடு கட்டிவைக்கிறாள் ஒரு பெண். கடைசியில் அவளையே அவன் கல்யாணம் செய்துகொள்கிறான். 2011-இல் 'ஹாரிபிள் பாஸஸ்'. பல் மருத்துவர் முதலாளியம்மா, தன்னிடம் வேலை செய்யும் ஆணை மயக்க மருந்தில் கிடக்கும்போது படமெடுத்து வைத்துக்கொண்டு மிரட்டுகிறார். அவன் நண்பர்களிடம் புலம்பினால், உனக்கெல்லாம் ஒரு கஷ்டமா என்கிற தோரணையில்தான் பதில் வருகிறது. நடிகர்களை மட்டும் இடம் மாற்றிப் பாருங்கள், முதலாளி ஆண், மயங்கிக் கிடப்பது பெண். அதைக் காமெடி என்று எவனும் விற்க முடியாது.

ஜெயில் காட்சிகளில் இது வருவது யதார்த்தம்தானே?

யதார்த்தமாக எடுத்தால் யதார்த்தம். பெரும்பாலும் ஜெயில் என்றால் அதுவும் உண்டு என்று ஒரு தண்டனைப் பட்டியல் மாதிரிச் சேர்க்கிறார்கள். வில்லன் கைதாகும்போது "உள்ள போனா தெரியும்டா உனக்கு" என்று ஹீரோ கண்ணடிப்பதும் அதே கணக்குத்தான். நீதிமன்றம் கொடுத்தது சிறைத்தண்டனை மட்டும். கூடுதலாக இன்னொன்றை நாம் கைதட்டி வழங்குகிறோம். கடலூர்க்காரர்களுக்குக் கேப்பர் மலை ஜெயில் என்றால் பஸ்ஸில் கடந்துபோகிற ஓர் இடம். அதன் வாசலில் மனு கொடுத்துவிட்டுக் காத்திருக்கிற அம்மாக்களைப் பார்த்தவனுக்கு அந்த ஜோக் அவ்வளவு சுலபமாக வராது.

1994-இல் வந்த 'ஷாஷாங்க் ரிடெம்ப்ஷன்' இதில் கொஞ்சம் நிதானம் காட்டிய படம். நாயகனுக்கு நடப்பதை அது ஜோக்காக்கவில்லை. தாக்குபவர்களை ஓரினச் சேர்க்கையாளர்கள் என்று நினைத்துவிடாதே என்ற பொருளில் ஒரு வசனமும் உண்டு. ஆனால் அந்தப் பகுதி முடிந்ததும் அவன் மனத்தில் அது என்ன செய்தது என்ற பேச்சே இல்லை. 1998-இன் 'அமெரிக்கன் ஹிஸ்டரி எக்ஸ்' இன்னும் மோசமான குறுக்குவழி எடுக்கிறது. இனவெறியன் திருந்த வேண்டும், அதற்குக் குளியலறையில் அவனை ஒரு கும்பல் சிதைக்கிறது. வன்கொடுமை ஒரு பாடமாகிவிடுகிறது. பாடம் கற்பிக்க அதைப் பயன்படுத்தலாம் என்று ஒத்துக்கொண்டால், லத்தி ஏட்டும் அதையேதான் சொல்வார்.

சீரியஸாக எடுத்த படங்களிலும் உங்களுக்குக் குறையா?

சில படங்களில் உண்டு. பாதிக்கப்பட்டவனுக்கு இரண்டே இரண்டு வழிகளைத்தான் அவை திறந்துவிடுகின்றன: வாயை மூடு, இல்லாவிட்டால் கொலை செய்.

1972-இன் 'டெலிவரன்ஸ்' ஆற்றில் படகு விடப் போன நான்கு நண்பர்களின் கதை. ஒருவன் காட்டில் வன்கொடுமைக்கு ஆளாகிறான். மற்றொருவன் அம்பெய்து தாக்கியவனைக் கொல்கிறான், பிணத்தைப் புதைக்கிறார்கள், வெளியே சொல்வதில்லை என்று முடிவாகிறது. அதற்குப் பின் படம் முழுக்கக் கொலை வெளியே தெரிந்துவிடுமோ என்ற பதற்றம்தான். அந்த மனிதன் அன்றிரவு எப்படித் தூங்கினான் என்பது யாருக்கும் அக்கறையில்லை. கொடுமை என்னவென்றால், அந்தக் காட்சியில் அவனைப் பன்றி மாதிரிக் கத்தவைப்பது அமெரிக்காவில் பல பத்தாண்டுகளுக்கு ஊர்ஜோக் ஆகிவிட்டது. படம் எடுத்தவர்கள் சிரிக்கவில்லை, ஊர் சிரித்தது.

'பல்ப் ஃபிக்ஷன்' படத்தில் வன்கொடுமைக்கு ஆளான தாதா தன்னைக் காப்பாற்றியவனிடம் கேட்கும் கைம்மாறு: இது யாருக்கும் தெரியக் கூடாது, ஊரைவிட்டுப் போ. 'மிஸ்டிக் ரிவர்' 2003-இல் வந்தது. சிறுவயதில் கடத்திச் சிதைக்கப்பட்ட டேவ், பெரியவனானதும் ஒரு கொலைக்கான சந்தேகத்தில் மாட்டி, செய்யாத குற்றத்துக்காக நண்பன் கையாலேயே சாகிறான். அருமையான நடிப்பு, டிம் ராபின்ஸ் ஆஸ்கர் வாங்கினார். ஆனாலும், பாதிக்கப்பட்ட பையன் பிற்பாடு ஆபத்தான ஆளாகத்தான் வளருவான் என்ற பயத்தைத்தான் அது மீட்டுகிறது. '13 ரீசன்ஸ் வை' தொடரின் இரண்டாம் பருவம் (2018) இதை அப்பட்டமாகவே செய்தது: பள்ளிக் கழிவறையில் தாக்கப்பட்ட மாணவன் அடுத்து துப்பாக்கியோடு பள்ளிக்கு வருகிறான். இதைப் பார்க்கிற, நிஜமாகவே பாதிக்கப்பட்ட ஒரு பையன், தனக்குள் ஏதோ கெட்டுப்போய்விட்டது என்று நினைத்துக்கொள்ள மாட்டானா?

இதெல்லாம் ஓரினச் சேர்க்கை விவகாரம்தானே?

இல்லை. இந்தக் குழப்பத்துக்குத் திரையோடு சேர்ந்து நம் செய்தித்தாள்களும் பொறுப்பு. சிறுவனை ஒருவன் சீரழித்தால் "ஓரினச் சேர்க்கைக்கு வற்புறுத்தினார்" என்று எழுதுகிறார்கள். சிறுமிக்கு நடந்தால் "ஆண் பெண் சேர்க்கைக்கு வற்புறுத்தினார்" என்று எழுதுவோமா? வற்புறுத்தல்தான் செய்தி. அதை விட்டுவிட்டுச் சேர்க்கையைத் தலைப்பாக்குகிறார்கள்.

வடிவேலு காமெடி ஒன்றிலிருந்து வந்த "அவனா நீ" இருக்கிறதே, எந்தப் படம் என்பதைக்கூடப் பலர் மறந்துவிட்டார்கள், வசனம் மட்டும் பள்ளிக்கூடம் வரை போய்விட்டது. தன்னை ஒருவர் தொட்டார் என்று சொல்ல வரும் பையனுக்கு வகுப்பில் கிடைக்கும் முதல் பதில் அதுதான். 2015-இல் வந்த 'ஐ' படத்தில் நாயகன் பின்னால் அலையும் ஒப்பனைக் கலைஞர் பாத்திரத்தைத் திருநங்கையாக வைத்துக் கேலி செய்ததற்குத் திருநங்கையர் எதிர்ப்புத் தெரிவித்தார்கள். நியாயமான கோபம். தொல்லை கொடுப்பவரைச் சிறுபான்மையில் தேடிப்பிடிப்பது, தொல்லை பெரும்பாலும் எங்கிருந்து வருகிறது என்பதை மறைக்கும் வேலை. தெரிந்த ஆள், மூத்த ஆள், அதிகாரம் உள்ள ஆள். அவர்களுக்கு ஊரில் நல்ல பெயரும் இருக்கும்.

('சூப்பர் டீலக்ஸ்' படத்தின் காவல் நிலையக் காட்சியைச் சிலர் இங்கே குறிப்பிடுகிறார்கள். அங்கே பாதிக்கப்படும் ஷில்பா திருநங்கை, அதாவது பெண். அதை ஆண்கள் கணக்கில் சேர்ப்பது அவருக்கு இன்னொரு அவமானம்.)

"கற்பழிப்பு" என்று சொன்னால் தப்பா?

கற்பு என்பதைப் பெண்ணின் தலையில் கட்டிய மொழி இது. அந்தச் சொல்லை வைத்துக்கொண்டு ஆணுக்கு நடந்ததைச் சொல்லப் போனால் வாய் திறக்கும்போதே கிண்டலாகிவிடும். வன்புணர்வு, பாலியல் வன்கொடுமை என்று சொல்லுங்கள். "சில்மிஷம்" வேண்டவே வேண்டாம், அது ஏதோ பலகாரம் திருடியது மாதிரி இருக்கிறது.

உடம்பு ஒத்துழைத்தால் சம்மதம்தானே? அப்புறம் ஏன் திரும்பப் போனான்?

உடம்பு வேறு, சம்மதம் வேறு. பயத்திலும் வலியிலும்கூட விறைப்பு வரலாம், விந்து வெளியேறலாம். அது அனிச்சை. வெங்காயம் நறுக்கினால் கண்ணீர் வருகிறது, அழுகிறோம் என்று அர்த்தமில்லை. அதேபோல ஆபத்தில் எல்லோரும் திருப்பி அடிப்பதில்லை. நிறையப் பேர் உறைந்துபோகிறார்கள். பத்துப் பேரைப் பறக்கவிடும் ஹீரோவைப் பார்த்து வளர்ந்த நமக்கு இது ஏறுவது கடினம்.

திரும்பப் போனது பற்றி: 2024-இல் நெட்ஃபிளிக்ஸில் வந்த 'பேபி ரெயின்டியர்' தொடரைப் பாருங்கள். ரிச்சர்ட் காட் தன் அனுபவத்தையே எழுதித் தானே நடித்தது. வாய்ப்புத் தருவதாகச் சொன்ன ஒரு பெரிய மனிதர் வீட்டுக்கு நாயகன் மறுபடி மறுபடி போகிறான். தொடரின் இறுதியிலும் போய் நிற்கிறான். ஏன் என்று அது விளக்கம் சொல்வதில்லை. அவனுக்கே தெரியவில்லை என்பதைத்தான் காட்டுகிறது. ஆறு எம்மி விருதுகள் கிடைத்தன. பார்வையாளர்களில் ஒரு கூட்டமோ நிஜ ஆட்கள் யார் என்று துப்பறியக் கிளம்பியது, வேண்டாம் என்று காட் கெஞ்ச வேண்டியதாயிற்று. வலியைக் காட்டினால் நாம் விலாசம் கேட்கிறோம்.

பெண் செய்தால் அதுவும் குற்றமா? கொடுத்து வைத்தவன் என்றுதானே சொல்வார்கள்?

அப்படித்தான் சொல்கிறார்கள். அதுதான் பிரச்சினை. 2004-இல் வந்த இந்திப் படம் 'ஏத்ராஸ்' பெண் அதிகாரி ஆணுக்குத் தரும் தொல்லையை மையமாக வைத்தது. துணிச்சல்தான். ஆனால் அந்தப் பெண்ணைக் காமெரா கவர்ச்சிப் பொருளாகவே காட்டியதால், பார்ப்பவனுக்கு இவன் ஏன் மறுக்கிறான் என்ற கேள்விதான் மிஞ்சியது. ட்யூஷன் அக்கா, எதிர்வீட்டு ஆன்ட்டி என்று நம் படங்கள் சிரித்துக்கொண்டே காட்டுபவற்றில் பையன் பதினெட்டுக்குக் கீழ் என்றால் அது போக்சோ சட்டத்தில் குற்றம். செய்தவர் ஆணா பெண்ணா என்பதால் தப்பிக்க முடியாது.

சட்டம் ஆண்களைக் காப்பாற்றுகிறதா?

சிறுவர்களை, ஆம். 2012-இன் போக்சோ சட்டம் பையன், பெண் என்று பிரிப்பதில்லை. வளர்ந்த ஆண்களுக்கு ஓட்டை விழுந்திருக்கிறது. பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 'இயற்கைக்கு மாறான' உறவைக் குற்றமாக்கிய 377-ஆவது பிரிவைச் சம்மதத்தோடு இணையும் வயது வந்தவர்கள்மீது பயன்படுத்த முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2018 செப்டம்பர் 6 அன்று தீர்ப்பளித்தது. சம்மதமில்லாத செயலுக்கு அந்தப் பிரிவு மிச்சம் இருந்தது. அந்தச் சட்டத்துக்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் அதுவும் இல்லை. அதன் 63-ஆவது பிரிவில் வன்புணர்வு என்றால் பாதிக்கப்படுவது பெண்தான். புதுப் பிரிவு கேட்டுப் போன மனுவை, நாடாளுமன்றத்தின் வேலை இது என்று உச்ச நீதிமன்றம் 2024 அக்டோபரில் ஏற்க மறுத்தது. காயம், அடைத்துவைத்தல் போன்ற பிரிவுகளில்தான் இப்போது வழக்கு நகர வேண்டும்.

ஒரே தெருவில் பிரெஞ்சு ஓட்டுப் போடுகிறவரும் இந்திய ஓட்டுப் போடுகிறவரும் இருக்கிற ஊர் இது. பிரான்சில் 1980-லேயே வன்புணர்வுச் சட்டம், பாதிக்கப்பட்டவர் எவராக இருந்தாலும் என்று மாறிவிட்டது.

இதைப் பேசுவது பெண்களின் பிரச்சினையைத் திசைதிருப்பாதா?

"ஆண்களுக்கும்தானே நடக்குது" என்று பெண் பேசும்போது மட்டும் ஞாபகம் வருகிற ஆட்கள் உண்டு. எங்கள் மாடியிலும் ஒருவர் வந்தார். சரி, வாருங்கள், அதையே பேசலாம் என்று உட்காரவைத்தோம். அடுத்த மாதம் வரவில்லை.

அப்படியென்றால் நன்றாக எடுத்த படம் எது?

எனக்கு ஃபிரான்சுவா ஓசோன் எடுத்த 'கிராஸ் அ தியூ'. 2019 பெர்லின் விழாவில் நடுவர் குழுவின் பெரும்பரிசு வாங்கியது. லியோன் நகரில் சாரணர் முகாம்களை நடத்திய பாதிரியாரால் சிறுவயதில் சிதைக்கப்பட்ட மூன்று ஆண்கள், நடுவயதில் பேசத் தொடங்குகிறார்கள். உண்மைச் சம்பவம். படம் வெளியானபோது அந்தப் பாதிரியார்மேல் வழக்கு நடந்துகொண்டிருந்தது, 2020-இல் ஐந்து ஆண்டு தண்டனை கிடைத்தது. பழைய நினைவுகள் வரும்போது காமெரா கதவு வரை போகிறது, உள்ளே போவதில்லை. படத்தின் முக்கால்வாசி பேச்சுதான். மனைவியிடம், அம்மாவிடம், போலீசிடம், ஒருவரோடொருவர். பழிவாங்கல் இல்லை.

இதைத் திரையிட்ட அன்று எங்களிடம் தமிழ் வசனவரி இல்லை. தெருக்கோடியில் இருக்கும் சொல்தா தாத்தா ஒருவர், பிரெஞ்சுப் படையில் பதினைந்து வருடம் இருந்தவர், முன்வரிசையில் நாற்காலி போட்டு உட்கார்ந்து வாய்விட்டு மொழிபெயர்த்தார். கொச்சையும் வேகமுமாக நன்றாகவே போனது. ஒருவன் இத்தனை வருடம் கழித்துப் பாதிரியாரை நேருக்கு நேர் சந்திக்கும் காட்சி வந்தது. பாதிரியார் மறுக்கவில்லை. "ஒத்துக்குறான்டா" என்றார் தாத்தா. அதற்குப் பிறகு சத்தமில்லை. இரண்டு நிமிடம், ஐந்து நிமிடம், பத்து நிமிடம். யாரும் அவரைத் திரும்பிப் பார்க்கவில்லை, ஏன் நிறுத்தினீர்கள் என்று கேட்கவுமில்லை. வேட்டித் திரை காற்றில் அசைந்தது, முகங்கள் அசைந்தன, எங்களுக்குப் புரிந்துகொண்டுதான் இருந்தது. பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு விட்ட இடத்திலிருந்து இல்லாமல் வேறெங்கிருந்தோ தொடங்கினார். முடிந்ததும், "படபடன்னு பேசிட்டானுங்க, பிடிபடல" என்று சொல்லிவிட்டு நாற்காலியை மடக்கினார்.

இந்தியாவில் ஓனிரின் 'ஐ ஆம்' (2010), அதில் அபிமன்யுவின் பகுதி. மைக்கேலா கோல் எழுதிய 'ஐ மே டிஸ்ட்ராய் யூ' (2020) தொடரில் குவாமே புகார் கொடுக்கப் போகும் காட்சி. எதிரே இருக்கும் போலீஸ்காரருக்கு எங்கே பார்ப்பது என்றே தெரியவில்லை. குவாமே எழுந்து வந்துவிடுகிறான். ஒரு அடி, ஒரு கத்தல் இல்லாமல் எடுத்த காட்சி.

சிறுவர்களை வைத்து இப்படிக் காட்சி எடுக்கலாமா?

எடுக்காமலே சொல்ல முடியும் என்று ஓசோன் காட்டிவிட்டார். 2007-இன் 'கைட் ரன்னர்' படத்தில் அப்படியொரு காட்சியில் நடித்த ஆப்கன் சிறுவர்களுக்கு ஊரில் ஆபத்து வரும் என்று பயந்து, வெளியீட்டைத் தள்ளிவைத்து, அவர்களை ஐக்கிய அரபு அமீரகத்துக்கு அனுப்ப வேண்டியிருந்தது.

படம் பார்த்துவிட்டு ஒருவர் தனக்கும் நடந்தது என்று சொன்னால் என்ன செய்வது?

முதலில் சிரிக்காதீர்கள். நீ ஏன் அடிக்கவில்லை, ஏன் இத்தனை நாள் சொல்லவில்லை என்று கேட்காதீர்கள். "நம்புறேன்" என்ற ஒரு சொல் போதும். பதினெட்டுக்குக் கீழ் உள்ள பிள்ளை என்றால் குழந்தைகள் உதவி எண் 1098-க்கு அழையுங்கள். போக்சோவில் தெரிந்தும் புகார் செய்யாமல் இருப்பதே குற்றம். பிள்ளையின் பெயரை வாட்ஸ்அப்பில் பரப்புவதும் குற்றம்தான். பெரியவர் என்றால் என்ன செய்வது என்பதை அவரே முடிவு செய்யட்டும். மனநல உதவிக்கு டெலி மானஸ், 14416, தமிழிலும் பேசுவார்கள்.

உங்கள் திரையிடலில் பாதியில் எழுந்து போனால் தப்பாக நினைப்பீர்களா?

மாட்டோம். என்ன காட்சி எப்போது வரும் என்று தொடங்கும் முன்பே சொல்லிவிடுகிறோம். படிக்கட்டு விளக்கை அணைப்பதில்லை, அதற்காகத் திரை கொஞ்சம் வெளிறித் தெரிந்தாலும் பரவாயில்லை. படியோரம் விரித்திருக்கும் கடைசிப் பாயை யாரும் பிடித்துவைக்க வேண்டாம். தாத்தா இப்போது அங்கேதான் உட்காருகிறார்.